ஆழ்மனக் கட்டளை போடுகிற மனுசன்

மட்டக்களப்பில் இப்போது திரும்பின பக்கமெல்லாம் 'ஆழ்மன சக்தி' பட்டறைதான். ஏஎல் (உயர்தரம்) படிக்கிற பிள்ளைகளைத் தாய் தகப்பனோடு இருத்திவைத்து, கோட் போட்ட ஒருவர் மைக்கைப் பிடித்து ஆழ்மனம் (subconscious), நனவிலி மனம் (unconscious) எல்லாம் ஒன்றுதான் என்று அளக்கிறார். "ஃப்ராய்டே சொல்லியிருக்கிறார்" என்று, உளப்பகுப்பாய்வைத் தொடங்கின அந்த வைத்தியர் பெயரில் முத்திரை வேறு.

எங்கேயப்பா சொன்னார்? ஆழ்மனம் என்ற கதையைப் பெரிதாகத் தொடங்கி வைத்தவர் பிரான்ஸின் உளவியலாளர் பியர் ஜனே, 1889இல். ஃப்ராய்ட் 1915இல் எழுதிய கட்டுரையில் அந்தச் சொல்லே பிழை, ஆளைக் குழப்புகிறது என்று தள்ளிவிட்டார். கல்லடிப் பாலத்தால் தினமும் மோட்டார் சைக்கிளில் போகிறவனுக்குக் கிளச்சும் கியரும் நினைப்பில் இருக்காது, கை தன்பாட்டில் செய்யும். ஆனால் கேட்டால் யோசித்துச் சொல்லுவான். இப்படிக் கூப்பிட்டால் வருவதற்கு ஃப்ராய்ட் வைத்த பெயர் முன்நனவு. நாம் பேச்சுவாக்கில் ஆழ்மனம் என்பது பெரும்பாலும் இதைத்தான். நனவிலி கூப்பிட்டாலும் வராது. மனம் தாங்க மாட்டாமல் அமுக்கி வைத்தது அது. கனவிலோ, வாய் தவறி விழுந்த சொல்லிலோதான் தலைகாட்டும். ஃப்ராய்ட் சொன்னதெல்லாம் வேதமில்லை, இன்றைக்கு அவரை ஏற்காத உளவியலாளர்கள் நிறையப் பேர். அதுக்காக, அவர் பெயரை விற்கிறவர் அவர் மறுத்ததையே அவர் வாயில் திணிப்பதா?

இதுகூடப் பரவாயில்லை. நாவலடிப் பக்கத்து அக்கா ஒருவர் எழும்பி, 2004 சுனாமிக்குப் பிறகு முற்றத்தில் மழைத்தண்ணி நின்றாலே நெஞ்சு அடைக்குது என்றார். அதற்கு இந்த மனுசன், "ராவைக்குப் படுக்க முன்னம் கண்ணாடியைப் பார்த்து 'எனக்குப் பயமில்லை' என்று 21 தரம் ஆழ்மனத்துக்குக் கட்டளை போடுங்க அம்மா" என்கிறார். அக்கா அதைக் கொப்பியில் எழுதி, 21க்குக் கீழே கோடும் போட்டார். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

அந்த அக்கா எதையும் மறக்கவில்லையே! அன்றைக்கு நடந்தது ஒவ்வொன்றும் நினைவில் இருப்பதுதான் அவருடைய வருத்தம். அதற்கு மனவடு என்று பெயர் இருக்கிறது, வைத்தியம் இருக்கிறது. போதனா வைத்தியசாலையில் மனநலப் பிரிவு இருக்கிறது, சதம் காசு தேவையில்லை. மறுகா, கட்டளை போட்டும் பயம் போகாவிட்டால்? அதற்கும் பதில் வைத்திருக்கிறார்: "உங்களுக்கு நம்பிக்கை காணாது." அவருடைய வித்தை ஒருநாளும் தோற்காது, தோற்கிறது அக்காதான்.

அடுத்த பட்டறை அக்கரைப்பற்றிலாம். கட்டணமும் கூட்டியாச்சு.