ஐந்து கிராமும் ஆயிரம் அடியும்

அமெரிக்கச் சிறைகளில் கறுப்பினத்தவர் ஏன் இவ்வளவு அதிகம் என்று பேச்சு வந்தால், அங்கே குடியேறிய நம்மவர்கள் பலரிடமிருந்து ஒரே பதில்தான் வரும். "சட்டம் எல்லாருக்கும் பொதுதானே? தப்பு பண்றவன் உள்ளே போறான்." நன்றாகப் படித்தவர்கள், நல்ல வேலையில் இருப்பவர்கள் சொல்வது இது. சட்டப் புத்தகத்தைத் திறந்து பார்த்தால் அவர்கள் பக்கம் நியாயம் இருப்பது போலவே தோன்றும். போதைப்பொருளுக்குத் தண்டனை சொல்லும் பிரிவுகளில் இனம் என்ற சொல்லே கிடையாது. எடை, தூரம், ஆண்டுக் கணக்கு, அவ்வளவுதான். எனக்குச் சொல்ல இருப்பது அந்த எண்களைப் பற்றித்தான். நிறத்தின் பெயரையே எடுக்காமல் நிறம் பார்த்துத் தண்டிக்க ஒரு சட்டத்தால் முடியும். எதை அளப்பது, எங்கே நின்று அளப்பது என்பதை முடிவு செய்துவிட்டால் போதும், மீதி தானாக நடக்கும்.

1986 ஜூனில் மேரிலாண்ட் பல்கலைக்கழகத்தின் கூடைப்பந்து வீரர் லென் பயஸை பாஸ்டன் செல்டிக்ஸ் அணி தேர்ந்தெடுத்தது. இரண்டு நாள் கழித்து, கொக்கைன் எடுத்ததால் அவர் இறந்தார். 22 வயது. பிரதிநிதிகள் சபையின் சபாநாயகர் டிப் ஓநீல் பாஸ்டன் பக்கத்துக்காரர். அவருடைய தொகுதியில் அந்தச் சாவைத் தவிர வேறு பேச்சே இல்லை. போதாக்குறைக்கு அது தேர்தல் ஆண்டு. இரண்டு கட்சிகளும் யார் அதிகம் கடுமை காட்டுவது என்று போட்டி போட்டன. அக்டோபர் 27-ஆம் தேதி அதிபர் ரீகன் கையெழுத்துப் போட்டுவிட்டார். ஒரு தலைமுறையையே சிறையில் வைக்கப்போகிற சட்டம், பயஸ் இறந்து நாலே மாதத்தில் தயார். நிபுணர்களை உட்காரவைத்து நிதானமாகக் கேட்கும் வேலையெல்லாம் நடக்கவில்லை.

அந்தச் சட்டம் சொன்னது இதுதான். ஐந்து கிராம் கிராக் கொக்கைனை விற்றால், அல்லது விற்பதற்காக வைத்திருந்தால், குறைந்தது ஐந்து ஆண்டு சிறை. நீதிபதி இரக்கப்பட்டாலும் குறைக்க முடியாது. அதே ஐந்து ஆண்டு, பவுடர் கொக்கைனுக்கு எப்போது வரும்? 500 கிராம் இருந்தால். பத்தாண்டு தண்டனைக்கும் அதே விகிதம்: இங்கே 50 கிராம், அங்கே ஐந்து கிலோ. ஐந்து கிராம் என்பது ஒரு டீஸ்பூன் சர்க்கரை அளவு. இரண்டே ஆண்டில், 1988-இல், இன்னொரு படி ஏறினார்கள். விற்க வேண்டும் என்றுகூட இல்லை, ஐந்து கிராமுக்கு மேல் கிராக் கையில் இருந்தாலே குறைந்தது ஐந்து ஆண்டு.

சரி, கிராக் என்பது என்ன? பவுடர் கொக்கைனைச் சமையல் சோடாவும் தண்ணீரும் சேர்த்துச் சூடாக்கினால் கிடைக்கும் கட்டி. உள்ளே இருக்கும் மருந்து ஒன்றேதான். புகைப்பதால் போதை சட்டென்று ஏறும், சட்டென்று இறங்கும். அந்த வேறுபாடு உண்மை. ஆனால் அதை வைத்து நூறு மடங்கை நியாயப்படுத்த முடியாது. நாட்டுக்குள் கடத்திக் கொண்டுவருகிறவன் பவுடராகத்தான் கொண்டுவருகிறான். மொத்த வியாபாரி பவுடராகத்தான் கைமாற்றுகிறான். கடைசியில் தெருமுனையில் நின்று விற்கிற பையனின் கையில்தான் அது கிராக். ஆக, அரைக்கிலோவைக் கைமாற்றியவனுக்கும் அதிலிருந்து ஐந்து கிராம் வாங்கி விற்றவனுக்கும் ஒரே தண்டனை. பெரிய முதலாளிகளைப் பிடிக்கப் போட்டதாகச் சொன்ன சட்டம் இப்படித் தலைகீழாக நின்றது. இன்னொரு வேடிக்கையும் உண்டு. பயஸ் சாவுக்குக் காரணம் கிராக் என்றுதான் அப்போது பலரும் நம்பினார்கள். அவர் எடுத்தது பவுடர்.

கிராக் சின்னச் சின்னக் கட்டிகளாக மலிவாகக் கிடைத்தது. ஏழைக் கறுப்பினப் பகுதிகளில், தெருவில், எல்லார் கண்ணிலும் படும்படி விற்கப்பட்டது. பவுடர் விலை அதிகம். அது விருந்துகளிலும் வீட்டுக் கதவுகளுக்குப் பின்னாலும் புழங்கியது. சட்டம் வந்து இருபது ஆண்டுகளில், ஃபெடரல் நீதிமன்றங்களில், அதாவது மத்திய அரசின் நீதிமன்றங்களில், கிராக் வழக்கில் தண்டனை பெற்றவர்களில் 80 சதவீதத்துக்கு மேல் கறுப்பினத்தவர். நாட்டு மக்கள் தொகையில் அவர்கள் பங்கு சுமார் 13 சதவீதம். கிராக் பயன்படுத்தியவர்கள் எல்லாரும் கறுப்பினத்தவர்தானோ என்றால், அதுவும் இல்லை. அரசே எடுத்த கணக்கெடுப்புகளில்கூட அவர்கள் பெரும்பான்மையாக இருந்ததில்லை.

இது தெரியாமல் நடந்துகொண்டிருந்தது என்று யாரும் சொல்ல முடியாது. 1995-இல், தண்டனை நெறிமுறைகளை வகுக்கும் அரசின் ஆணையமே இரண்டையும் சமமாக்குங்கள் என்று பரிந்துரைத்தது. நாடாளுமன்றம் அதைத் தள்ளுபடி செய்தது. தள்ளுபடி செய்ததில் கையெழுத்துப் போட்டவர் கிளிண்டன். இதையெல்லாம் ஒரு கட்சியின் பாவமாக எழுதுகிறவர்களுக்காக இந்தத் தகவல்.

எடைக்கு அடுத்தது தூரம். பள்ளிக்கூடத்திலிருந்து ஆயிரம் அடிக்குள் போதைப்பொருள் விற்றால் கூடுதல் தண்டனை என்று பல மாநிலங்கள் சட்டம் போட்டன. கேட்கவே நல்லதாகத்தான் இருக்கிறது; குழந்தைகளைக் காப்பாற்றுவதை யார் வேண்டாம் என்பார்கள்? ஆனால் வரைபடத்தை விரித்து வைத்து ஒவ்வொரு பள்ளியைச் சுற்றியும் ஆயிரம் அடிக்கு வட்டம் போட்டுப் பாருங்கள். நியூஜெர்சியில் அப்படிப் பார்த்தார்கள். நெவார்க் போன்ற நெருக்கமான நகரத்தில் முக்கால் பங்கு நிலம் வட்டத்துக்குள் விழுந்தது. வீடுகள் தள்ளித் தள்ளி இருக்கும் வெள்ளையர் புறநகரில் வட்டம் எங்கோ ஒன்று, வெளியே நிறைய இடம். ஒரே குற்றத்தைச் செய்தாலும் நெவார்க்காரன் வட்டத்துக்குள்தான் இருப்பான். நிற்பதற்கு அவனுக்கு வேறு இடமே இல்லை. இந்தப் பிரிவில் சிறைக்குப் போனவர்களில் 96 சதவீதம் பேர் கறுப்பினத்தவரோ லத்தீன் அமெரிக்க வம்சாவளியினரோ என்று மாநிலம் அமைத்த ஆணையமே 2005-இல் சொன்னது. 2010-இல் சட்டத்தைத் திருத்தி, நீதிபதிகள் தண்டனையைக் குறைக்க வழி செய்தார்கள். இந்த ஒரு விஷயத்தில் நியூஜெர்சியைப் பாராட்டுவேன். அளந்து பார்த்தார்கள், தப்பு என்று தெரிந்தது, மாற்றினார்கள்.

கஞ்சாக் கைதுகளைப் பற்றி அதிகம் எழுத வேண்டியதில்லை. கறுப்பினத்தவரும் வெள்ளையரும் ஏறக்குறைய ஒரே அளவுக்குப் புகைக்கிறார்கள், ஆனால் கறுப்பினத்தவர் கைதாகும் வாய்ப்பு 3.7 மடங்கு என்று ஏசிஎல்யூ என்ற குடியுரிமை அமைப்பு 2013-இல் கணக்குக் காட்டியது. போலீஸ் எங்கே ரோந்து போகிறதோ அங்கேதான் குற்றம் கண்ணில் படும்.

இதற்கெல்லாம் நீதிமன்றம் இருக்கிறதே என்று கேட்கலாம். என்னை உண்மையிலேயே கோபப்படுத்துவது இந்த இடம்தான். லாஸ் ஏஞ்சல்ஸில் வசதியில்லாதவர்களுக்காக வாதாடும் அரசு வழக்கறிஞர் அலுவலகம் ஒன்று, 1991-இல் தான் நடத்தி முடித்த கிராக் வழக்குகளை எடுத்துப் பார்த்தது. மொத்தம் 24. இருபத்து நாலு பேரும் கறுப்பினத்தவர். ஒரே குற்றத்தை மாநில நீதிமன்றத்துக்கும் கொண்டுபோகலாம், ஃபெடரல் நீதிமன்றத்துக்கும் கொண்டுபோகலாம்; கலிஃபோர்னியா மாநிலச் சட்டத்தில் தண்டனை பல மடங்கு குறைவு. எந்த வழக்கு எங்கே போக வேண்டும் என்று தீர்மானிப்பவர் பிராசிக்யூட்டர், அதாவது அரசின் சார்பில் வழக்குத் தொடுப்பவர். அதனால் அவர்கள் கேட்டது ஒன்றுதான்: எந்த அடிப்படையில் ஆட்களைத் தேர்ந்தெடுக்கிறீர்கள், ஆவணங்களைக் காட்டுங்கள். விசாரணை நீதிபதி காட்டச் சொன்னார். பிராசிக்யூட்டர்கள் மறுத்தார்கள். ஆம்ஸ்ட்ராங் வழக்கு என்று பெயர்பெற்ற இதில், 1996-இல் உச்ச நீதிமன்றம் எட்டுக்கு ஒன்று என்று பிராசிக்யூட்டர்கள் பக்கம் நின்றது. இதே நிலையில் இருந்த வேற்று இனத்தவர்மேல் வழக்குப் போடாமல் விட்டதற்கு முதலில் ஆதாரம் கொண்டு வாருங்கள், அப்புறம் ஆவணம் கேளுங்கள் என்றது. விட்டுவிட்ட ஆட்களைப் பற்றிய தகவல் எங்கே இருக்கும்? போலீஸிடமும் பிராசிக்யூட்டரிடமும்தான். அதாவது, பூட்டிய பெட்டிக்குள் இருப்பதை வெளியே காட்டினால்தான் பெட்டியைத் திறக்கச் சாவி தருவார்களாம்.

அதற்கும் முன்னாலேயே, 1987-இல், மெக்கிளெஸ்கி வழக்கில் அடித்தளம் போட்டாகிவிட்டது. அது ஜார்ஜியாவில் மரண தண்டனை வழக்கு. கொல்லப்பட்டவர் வெள்ளையராக இருந்தால் மரண தண்டனை விழும் வாய்ப்பு பல மடங்கு கூடுகிறது என்று விரிவான ஆய்வைக் கொண்டுபோனார்கள். ஆய்வு சரியாகவே இருக்கட்டும், ஆனால் இந்த வழக்கில், இந்த மனிதருக்கு எதிராக, வேண்டுமென்றே பாகுபாடு காட்டினார்கள் என்று நிரூபிக்கவில்லையே என்று ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தள்ளிவிட்டார்கள். பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதிய நீதிபதி பவல், ஓய்வு பெற்ற பிறகு, எந்த வழக்கிலாவது தன் வாக்கை மாற்றிக்கொள்ள முடியும் என்றால் அது இதுதான் என்று தன் வரலாற்றை எழுதியவரிடம் சொன்னார். அவருக்கு மனம் மாறியது நல்லதுதான். தீர்ப்பு மாறவில்லை.

நோக்கம் என்ற இந்தச் சொல்லில்தான் எல்லாம் மாட்டிக்கொண்டு நிற்கிறது. தீய எண்ணத்தை யார் எழுதி வைத்துக்கொண்டு சட்டம் போடுவார்கள்? 1986-இல் வாக்களித்தவர்களில் பலருக்கு அப்படி எண்ணமே இருந்திருக்காது என்றுதான் நானும் நினைக்கிறேன். நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியின் கறுப்பினப் பிரதிநிதி சார்லஸ் ராங்கலே அந்தச் சட்டத்தை ஆதரித்தவர்தான். இதை மறைத்துவிட்டு எழுதுவது எனக்குப் பிடிக்காது. தன் தெருவில் துப்பாக்கிச் சத்தம் கேட்டுக் குழந்தைகளைக் கட்டிலுக்கு அடியில் படுக்கவைத்த தாய், போலீஸ் வேண்டும் என்றுதான் கேட்பாள். அவள் கூடவே பள்ளிக்கூடம், வேலை, சிகிச்சை மையம் எல்லாமும் கேட்டாள். போலீஸ் மட்டும் வந்தது. ராங்கல் பின்னாளில் இந்த விகிதத்தை ஒழிக்க மசோதாமேல் மசோதாவாகக் கொண்டுவந்தார். நோக்கம் நல்லதோ கெட்டதோ, விளைவு கண்ணுக்குத் தெரிந்த பிறகும் இருபத்து நாலு ஆண்டுகள் அந்தச் சட்டத்தை அப்படியே வைத்திருந்தார்களே, அதற்கு என்ன பெயர்?

வேறு மாதிரித் தீர்ப்பு சொல்லவே முடியாது என்பதும் இல்லை. மினசோட்டாவின் உச்ச நீதிமன்றம் 1991-இல் தன் மாநிலத்தின் கிராக் பாகுபாட்டைச் செல்லாது என்றது. கிராக் வைத்திருந்ததாக வழக்கில் சிக்கியவர்களில் கிட்டத்தட்ட 97 சதவீதம் கறுப்பினத்தவர், பவுடரில் 80 சதவீதம் வெள்ளையர் என்ற புள்ளிவிவரத்தைப் பார்த்து, இந்த வேறுபாட்டுக்கு உருப்படியான காரணம் காட்டுங்கள் என்று அரசைக் கேட்டது. அரசிடம் காரணம் இல்லை. மாநிலச் சட்டமன்றம் என்ன செய்தது தெரியுமா? பவுடருக்கான தண்டனையைக் கூட்டி இரண்டையும் சமமாக்கியது!

ஓபியாய்ட் எனப்படும் அபின் வகை வலி மாத்திரைகள் வெள்ளையர் ஊர்களைச் சூறையாடியபோது பேச்சு மாறியதைப் பலரும் எழுதிவிட்டார்கள். குற்றவாளி என்ற இடத்தில் நோயாளி வந்தார். வந்தது நல்லதே, முதலிலேயே வந்திருக்க வேண்டும். நான் சுட்டிக்காட்ட விரும்புவது மேலே இருந்தவர்களுக்கு என்ன ஆனது என்பதை. ஆக்சிகாண்டின் மாத்திரையின் அடிமைத்தன ஆபத்தைக் குறைத்துக் காட்டி விற்றதாகப் பர்டூ ஃபார்மா 2007-இல் குற்றத்தை ஒப்புக்கொண்டது. நிறுவனத்துக்கு 60 கோடி டாலர் அபராதம். உயர் அதிகாரிகள் மூன்று பேர் சிறு குற்றப் பிரிவில் ஒப்புக்கொண்டார்கள். ஒருவரும் சிறைக்குப் போகவில்லை. அதே ஆண்டில் ஆறு கிராம் கிராக்கோடு பிடிபட்டவனுக்கு ஐந்து ஆண்டு கட்டாயம்.

தண்டனையே வேண்டாம் என்று சொல்கிறவன் நான் இல்லை. ஒரேகான் மாநிலம் 2020-இல் வாக்கெடுப்பு நடத்தி, சொந்த உபயோகத்துக்கு வைத்திருப்பதைக் குற்றப் பட்டியலிலிருந்து எடுத்தது. சிகிச்சைக்கான பணம் போய்ச் சேரத் தாமதமானது, தெருக்களில் நிலைமையைப் பார்த்து மக்கள் கொதித்தார்கள், 2024-இல் மீண்டும் குற்றமாக்கிவிட்டார்கள். அதிலிருந்து சிகிச்சையை முன்கூட்டியே ஏற்பாடு செய்ய வேண்டும் என்று கற்கலாம். நூறு மடங்கு சரி என்று யாரும் கற்க முடியாது.

2010-இல் ஒபாமா கையெழுத்திட்ட சட்டம் அந்த நூறைப் பதினெட்டாக்கியது. ஐந்து கிராமுக்குப் பதில் 28 கிராம். ஏன் பதினெட்டு? எந்த ஆய்விலிருந்தும் வந்த எண் இல்லை அது. செனட்டர் டர்பின் ஒன்றுக்கு ஒன்று கேட்டார்; செனட்டர் செஷன்ஸ் ஒத்துக்கொள்ளவில்லை; பேரம் பேசிப் படிந்த விலை பதினெட்டு. ஏற்கெனவே சிறையில் இருந்தவர்களுக்கு அதுவும் உடனே கிடைக்கவில்லை, டிரம்ப் கையெழுத்திட்ட 2018 சட்டம் வரை காத்திருந்தார்கள். அதிலும் ஒரு கூத்து. ஃப்ளோரிடாவில் நாலு கிராமுக்கும் குறைவான கிராக்குக்காகப் பதினைந்து ஆண்டுக்கு மேல் தண்டனை பெற்ற ஒருவர் அந்தச் சட்டப்படி மனுப் போட்டார். 2021-இல் உச்ச நீதிமன்றம் ஒருமனதாக மறுத்தது. கட்டாயத் தண்டனைக்கான எடைகளைத்தான் சட்டம் மாற்றியது, உன் குற்றம் அந்த எடையைவிடக் குறைவு, ஆகவே உனக்குச் சலுகை கிடையாது என்றது. அதிக எடையோடு பிடிபட்டவர்கள் மனுப் போட முடிந்தது, இவரால் முடியவில்லை. சட்டத்தின் வாசகத்தைப் படித்தால் தீர்ப்பில் தர்க்கப் பிழை இல்லை என்பதுதான் இன்னும் எரிச்சல்.

நான் கேட்பது இரண்டு. ஒன்று, ஒன்றுக்கு ஒன்று என்று ஆக்குங்கள், அதை ஏற்கெனவே உள்ளே இருக்கிற எல்லாருக்கும் பொருத்துங்கள். இரண்டாவது, நோக்கத்தை நிரூபி என்று கேட்பதை நிறுத்துங்கள். இது கனவு இல்லை. கலிஃபோர்னியா 2020-இல் ஒரு சட்டம் இயற்றியது. குற்றம் சாட்டப்பட்டவர் யாருடைய மனத்துக்குள்ளும் புகுந்து பார்க்க வேண்டாம், ஒரே மாதிரியான குற்றத்துக்கு இனத்துக்கு இனம் வேறு மாதிரி வழக்கோ தண்டனையோ வருகிறது என்று புள்ளிவிவரத்தோடு காட்டி நிவாரணம் கேட்கலாம். மெக்கிளெஸ்கி தீர்ப்புக்குப் பதில் என்றே அதைக் கொண்டுவந்தார்கள். ஃபெடரல் அளவில் அப்படி எதுவும் இல்லை. முதல் கோரிக்கைக்கான மசோதா 2021 செப்டம்பரில் பிரதிநிதிகள் சபையில் 361-க்கு 66 என்று, இரண்டு கட்சிகளின் வாக்கோடும் நிறைவேறியது. செனட் அதை வாக்கெடுப்புக்கே எடுக்கவில்லை. பதினெட்டுக்கு ஒன்று என்பதுதான் இன்றும் சட்டம்.