இடங்களைக் குறையுங்கள், வழிகாட்டியின் நேரத்தைக் குறைக்காதீர்கள்

"நான்கு நாளாவது ஒதுக்க முடியாதவர்கள் ஹம்பிக்குப் போகவே வேண்டாம்" என்று போன வாரம் ஒருவர் எழுதியிருந்தார். அதற்கு விருப்பக்குறிகள் குவிந்திருந்தன. படித்ததிலிருந்து எனக்கு மனம் ஆறவில்லை. என் அம்மா ஹம்பியை ஒரே நாளில்தான் பார்த்தார். தலைக்கு 450 ரூபாய் வாங்கிக்கொண்டு காலையில் ஏற்றி மாலையில் இறக்கிவிடும் மினி பஸ்ஸில்தான் பார்த்தார். அவருக்கு வயது 66. இரண்டு முழங்காலிலும் தேய்மானம். நான்கு நாள் அறை எடுத்துத் தங்கவும் தனி வண்டி அமர்த்தவும் எங்களுக்கு வசதி இல்லை. அந்த பஸ் இல்லையென்றால், ஐம்பது ரூபாய் நோட்டின் பின்பக்கத்தில் இருக்கும் கல்தேரோடு அவருடைய ஹம்பி முடிந்திருக்கும்.

ஆகவே மலிவுச் சுற்றுலாவை யாராவது இளக்காரமாகப் பேசினால் எனக்குக் கோபம் வருகிறது. அதே சமயம், அதை நடத்துகிறவர்கள் மீதும் எனக்குக் கோபம் இருக்கிறது. அந்த நாளில் என்ன நடந்தது என்று சொன்னால் இரண்டும் புரியும்.

காட்பாடியில் ரயிலேறி பெங்களூர் போய், அங்கிருந்து இரவு ஹம்பி எக்ஸ்பிரஸ் பிடித்து, விடிந்த பிறகு ஹொசபேட்டையில் இறங்கினோம். விஜயநகரப் பேரரசின் தலைநகராக இருந்த ஹம்பி அங்கிருந்து 13 கிலோமீட்டர். ஸ்டேஷனுக்குப் பக்கத்திலேயே ஒரு சுற்றுலா அலுவலகம். கையில் கொடுத்த நோட்டீஸில் 14 இடங்கள் அச்சிட்டிருந்தார்கள். பதினான்கையும் எட்டு மணி நேரத்தில் காட்டுவதாகச் சொன்னார்கள். எண்ணிக்கையைப் பார்த்ததும் எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. கொடுத்த காசுக்கு நிறையக் கிடைக்கிறது என்று நினைத்தேன்.

பஸ்ஸில் 22 பேர். வழிகாட்டிக்கு ஐம்பது வயது இருக்கும். கழுத்தில் அடையாள அட்டை, கையில் போட்டோக்கள் செருகிய ஒரு பிளாஸ்டிக் பைல். கன்னடத்திலும் இந்தியிலும் மாறி மாறிப் பேசினார். அம்மாவுக்கு இரண்டும் தெரியாது. நான் காதருகே மொழிபெயர்த்துக்கொண்டு வந்தேன். அதைக் கவனித்தவர், "தெலுங்கு வருமா அம்மா?" என்று கேட்டார். வேலூர்க்காரருக்குத் தெலுங்கு வராமல் இருக்குமா? அதற்குப் பிறகு ஒவ்வோர் இடத்திலும் எல்லோருக்கும் சொல்லி முடித்துவிட்டு, அம்மா பக்கம் திரும்பித் தெலுங்கில் இரண்டு வாக்கியம் சொல்வார். அந்த 450 ரூபாயில் எனக்குக் கிடைத்ததிலேயே பெரியது அந்த இரண்டு வாக்கியங்கள்தான்.

நரசிம்மர் சிலையை எடுத்துக்கொள்ளுங்கள். 6.7 மீட்டர் உயரம், ஒரே கல், 1528இல் கிருஷ்ணதேவராயர் காலத்தில் செதுக்கியது. பிதுங்கிய விழியும் பிளந்த வாயுமாக உட்கார்ந்திருப்பதால் எல்லோரும் உக்கிர நரசிம்மர் என்கிறார்கள். அம்மாவும் கொஞ்சம் பயந்துபோய்த்தான் கும்பிட்டார். வழிகாட்டி பைலைத் திறந்து, சிலையின் முதுகுப் பக்கத்தை எடுத்த ஒரு போட்டோவைக் காட்டினார். முதுகின் மேல் சின்னதாக ஒரு கை. விரல்கள் தெளிவாகத் தெரிந்தன. மடியில் லட்சுமி உட்கார்ந்திருந்தாள். 1565இல் தலைக்கோட்டைப் போரில் விஜயநகரம் தோற்று நகரம் சூறையானபோது அவள் உடைந்துபோனாள். அணைத்திருந்த அந்தக் கை மட்டும் மிஞ்சியிருக்கிறது. "இவர் உக்கிர நரசிம்மர் இல்லை அம்மா, லட்சுமி நரசிம்மர்" என்றார். அம்மா அந்தப் போட்டோவை வாங்கிக் கண்ணுக்கருகே வைத்துப் பார்த்தார். பிறகு சிலையை நிமிர்ந்து பார்த்தார். இரண்டாவது முறை கும்பிட்டபோது அவர் முகத்தில் பயம் இல்லை.

இதை எந்தப் பலகையும் செய்யாது. ஒரு கோயிலில் தீபாராதனை நடந்தால், யாரும் எதுவும் சொல்லாமலேயே நமக்குப் புரிந்துவிடும். பூஜை நின்று 450 வருடமான இடத்தில், பக்கத்தில் நின்று சொல்ல ஒரு மனிதர் வேண்டும். அவர் இல்லையென்றால் வெயிலும் கல்லும்தான்.

அப்படிப்பட்ட மனிதருக்கு எங்கள் பஸ்ஸில் எவ்வளவு நேரம் கொடுத்தார்கள்?

ஹசார ராமர் கோயிலில் பதினைந்து நிமிடம். மூலக்கோயில் சுவரில் இராமாயணம் முழுவதையும் வரிசை வரிசையாகச் செதுக்கியிருக்கிறார்கள். கோயிலை வலம் வந்தபடி படிக்க வேண்டிய கதை அது. ஒரு சுற்றுக்கு ஒரு வரிசை. தசரதன் வேள்வி செய்யும் இடத்தில் அம்மா தொடங்கினார். சுவரைத் தொடாமல் விரலைக் காற்றில் நகர்த்திக்கொண்டே, யார் யார் என்று தானாகவே சொல்லிக்கொண்டு போனார். அவருக்கு அங்கே மொழிபெயர்ப்பே தேவைப்படவில்லை. முதல் சுற்று முடிவதற்குள் டிரைவர் விசில் ஊதிவிட்டார். உள்ளே பளபளவென்று மெருகேற்றிய கறுப்புக்கல் தூண்கள் இருந்தன. அவற்றை நான் ஓடிப்போய் எட்டிப் பார்த்ததோடு சரி, அம்மாவால் ஓட முடியவில்லை.

ராணிகள் குளியலறைக்கு இருபது நிமிடம். மகாநவமி மேடையில் ஏற முடிந்தவர்கள் ஏறினார்கள். யானைக் கொட்டிலில் பதினோரு கூடங்களின் குவிமாடங்களைக் காட்டி, சுல்தான்களின் கட்டடக்கலை விஜயநகர அரண்மனை வளாகத்துக்குள்ளேயே இருப்பதையும், ராயர்களின் படையில் முஸ்லிம் வீரர்கள் இருந்ததையும் வழிகாட்டி நிதானமாக விளக்கினார். 1565ஐப் பற்றிச் சொன்னபோதும் அவர் யாரையும் தூண்டிவிடும் குரலில் பேசவில்லை. அதற்காகவே அவரைக் கையெடுத்துக் கும்பிடலாம்.

பகல் சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு கைவினைப் பொருள் கடையில் நிறுத்தினார்கள். நோட்டீஸில் அந்தக் கடை இல்லை. நாற்பது நிமிடம் நின்றோம். வாங்கினாலும் வாங்காவிட்டாலும் பஸ் நகராது. வழிகாட்டி வெளியே புளியமர நிழலில் உட்கார்ந்திருந்தார். அவரிடம் போய்க் கேட்டேன். தயங்கித் தயங்கித்தான் சொன்னார். நாள் முழுவதும் பேசுவதற்கு அவருக்குக் கிடைக்கும் சம்பளம் மிகக் குறைவு. கடையில் விற்பதில் வரும் கமிஷனும் சேர்ந்தால்தான் ஏதோ கட்டுப்படியாகும். அவர் மேல் எனக்கு எப்படிக் கோபம் வரும்? 22 பேரிடம் ஆளுக்கு ஐம்பது ரூபாய் கூடுதலாக வாங்கியிருந்தால் 1,100 ரூபாய். அதை அப்படியே அவர் கையில் கொடுத்திருந்தால் அந்தக் கடையும் வேண்டாம், அந்த நாற்பது நிமிட இழப்பும் வேண்டாம். கட்டணம் 500 என்று சொல்லியிருந்தாலும் நாங்கள் எல்லோருமே வந்திருப்போம்.

இந்த இழப்பு எங்கே போய் விடிந்தது என்றால், கிருஷ்ணர் கோயிலில். பன்னிரண்டு நிமிடம்தான்.

ஆந்திரத்தின் உதயகிரிக் கோட்டையை ஒடிசாவின் கஜபதி அரசரிடமிருந்து வென்ற கிருஷ்ணதேவராயர், அங்கிருந்து கொண்டுவந்த பாலகிருஷ்ணருக்காகக் கட்டிய கோயில் அது. அந்தச் செய்தியைச் சொல்லும் கல்வெட்டு இன்றும் கோயிலுக்குள் நிற்கிறது. அம்மா வாசலில் செருப்பைக் கழற்றினார். கல் தகித்தது. "உள்ளே சாமி இல்லை அம்மா, செருப்போடு வரலாம்" என்றார் வழிகாட்டி. "இல்லையென்றால் என்ன பாபு, இருந்த இடம்தானே" என்று அம்மா தெலுங்கில் பதில் சொல்லிவிட்டு வெறுங்காலோடு நடந்தார். மண்டபத்துத் தூண்களைப் பார்த்ததும், "இது நம் வேலூர்க் கோட்டைக்குள் இருப்பது மாதிரியே இருக்கிறதே" என்று என்னிடம் சொன்னார். அது உண்மைதான். ஜலகண்டேஸ்வரர் கோயிலின் கல்யாண மண்டபமும் விஜயநகரக் காலத்து வேலைதான்.

பிறகு அம்மா வழிகாட்டியிடம் தன் கதையைச் சொல்லத் தொடங்கினார். அவருடைய சிறுவயதில் வேலூர்க் கோட்டைக் கோயிலிலும் சாமி கிடையாது. கருவறை வெறுமையாகக் கிடந்தது. 1981இல்தான் லிங்கத்தை மறுபடி கொண்டுவந்து வைத்தார்கள். அம்மா அப்போது கல்யாணமாகி வந்த புதிது, கூட்டத்தோடு கூட்டமாகப் போய்ப் பார்த்தவர். "எங்கள் ஊரில் திரும்ப வந்துவிட்டார். இங்கே இருந்தவர் எங்கே போனார் பாபு?"

வழிகாட்டி சிரித்தார். "உங்கள் பக்கம்தான் அம்மா இருக்கிறார். மெட்ராஸ் மியூசியத்தில்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எழும்பூர் அருங்காட்சியகத்துக்குப் பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது போயிருக்கிறேன். ஹம்பி பாலகிருஷ்ணர் அங்கே இருக்கிறார் என்பது இத்தனை வருடமாகத் தெரியாது. அம்மா மேலும் கேட்க வாயெடுத்தார். எப்போது கொண்டுபோனார்கள், ஏன், யாராவது பூ வைக்கிறார்களா என்றெல்லாம் கேட்டிருப்பார். விசில். வழிகாட்டியும் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு எழுந்துகொண்டார். நாள் முழுவதிலும் உயிருள்ள ஒரே பேச்சு அப்படிப் பாதியில் அறுந்தது. நோட்டீஸில் இன்னும் ஐந்து இடம் பாக்கி.

விரூபாட்சர் கோயிலில் இன்றும் பூஜை நடக்கிறது, அதனால் அங்கே அம்மாவுக்கு யாரும் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை. இருட்டறைச் சுவரில் கோபுரத்தின் நிழல் தலைகீழாக விழுவதைக் காட்டியபோது குழந்தை மாதிரி கைதட்டினார். பிறகு விட்டலர் கோயிலுக்குப் புறப்பட்டோம். வழியில் சாலையோரம் ஒரு சமணக் கோயில், முன்னால் உயரமான விளக்குத் தூண். காணகித்தி கோயில் என்கிறார்கள். கன்னடத்தில் செக்காட்டும் பெண் என்று பொருள். விஜயநகர அரசர் இரண்டாம் ஹரிஹரரின் தளபதி இருகப்பர் கட்டியது. காஞ்சிபுரத்தை அடுத்த திருப்பருத்திக்குன்றத்தில் சமணக் கோயிலுக்கு மண்டபம் கட்டிக் கொடுத்தவரும் இதே இருகப்பர்தான். அகமது கான் என்ற அதிகாரி 1439இல் கட்டிய மசூதியும் ஹம்பியில் இருக்கிறது. இரண்டுமே எங்கள் பதினான்கில் இல்லை. ஒரே நகரத்தில் சிவனும் விஷ்ணுவும் தீர்த்தங்கரரும் தொழுகையும் பக்கம்பக்கமாக இருந்ததைக் கண்ணால் காட்டிவிடக் கூடிய இடங்கள். கடைக்கு நாற்பது நிமிடம் இருந்தது, இவற்றுக்கு ஐந்து நிமிடம் இல்லை.

விட்டலர் கோயிலை அடைந்தபோது மூடும் நேரம் நெருங்கிவிட்டது. வண்டி நிறுத்தத்திலிருந்து பேட்டரி வண்டியில்தான் உள்ளே போக வேண்டும். ஓட்டுவது பெரும்பாலும் உள்ளூர்ப் பெண்கள். அம்மாவுக்கு அது மிகவும் பிடித்துப்போனது. கல்தேரின் முன் எல்லோரும் ஐம்பது ரூபாய் நோட்டைப் பிடித்துப் படம் எடுத்தார்கள், நானும் எடுத்தேன். வழிகாட்டி அந்தக் கூட்டத்துக்கு நடுவே எங்களை மட்டும் பக்கவாட்டில் அழைத்துப்போய், தேரை இழுக்கும் யானைகளுக்குப் பின்னால் குதிரைகளின் பின்னங்கால்கள் தெரிவதைக் காட்டினார். முதலில் குதிரைகள்தான் இருந்தன, யானைகள் பிற்பாடு கொண்டுவந்து வைத்தவை. அதைச் சொல்லி முடிக்க அவருக்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. காவலாளி விசில் ஊதினார்.

சுற்றுலா நடத்துகிறவர்களே, நோட்டீஸில் பதினான்கு வேண்டாம், ஏழு போடுங்கள். நாங்கள் வருவோம். டீசலும் மிச்சமாகும். கடை வாசலில் நிறுத்தி வாங்கும் காசை வெளிப்படையாகக் கட்டணத்தில் சேர்த்து, பேசுகிற மனிதருக்குக் கொடுங்கள். முழங்கால் வலியோடு வருகிறவர்கள் உங்கள் பஸ்ஸை நம்பித்தான் வருகிறார்கள். நான்கு நாள் தங்க முடிந்தவர்களுக்கு நீங்கள் தேவையே இல்லை.

இறங்கும்போது வழிகாட்டியின் கையில் 200 ரூபாய் கொடுத்தேன். அவர் வாங்கிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, பைலிலிருந்து நரசிம்மரின் முதுகுப் படத்தை உருவி அம்மாவிடம் கொடுத்துவிட்டார். தன்னிடம் இன்னொன்று இருப்பதாகச் சொன்னார். அது இப்போது எங்கள் வீட்டு பூஜை அலமாரியில், முருகன் படத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது.

எழும்பூருக்கு எப்போது போகிறோம் என்று அம்மா இதுவரை மூன்று முறை கேட்டுவிட்டார். வருகிற இரண்டாம் சனிக்கிழமை காலை ரயிலுக்கு டிக்கெட் எடுத்திருக்கிறேன். மியூசியத்துக்குள் பூ கொண்டுபோக விடமாட்டார்கள் என்று சொல்லிப் பார்த்தேன். பரவாயில்லை, பார்த்துவிட்டு மட்டும் வரலாம் என்கிறார்.