பொழுதையே கைப்பொருளாகக் கொண்ட ஒரு கலை

காலத்தைப் பற்றிய கலைக்குப் பஞ்சமே இல்லை. மணற்கடிகாரம், வாடிய பூ, மண்டையோடு என்று ஓவியர்கள் பல நூற்றாண்டுகளாக வரைந்திருக்கிறார்கள். நான் ஏங்குவது வேறொன்றுக்கு. சிற்பிக்குக் கல் எப்படியோ, அப்படிக் காலத்தையே கையில் எடுத்து வேலை செய்யும் ஓர் இயக்கத்துக்கு. அப்படி ஒன்று என் கற்பனையில்தான் இருக்கிறது. ஆனாலும் அதற்குப் ‘பொழுதுக்கலை’ என்று பெயர் வைத்துவிட்டேன். அகத்திணை இலக்கணம் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்கிறது. மரமும் பறவையும் பறையும் அதற்குப் பிறகுதான் வருகின்றன. பொழுது என்ற சொல்லுக்கு அந்தக் கனம் இருக்கிறது.

தனியாளாக இதைச் செய்துகாட்டியவர்கள் உண்டு. தைவானில் பிறந்து நியூயார்க்கில் வாழ்ந்த தெச்சிங் ஷே, 1980 ஏப்ரல் 11 தொடங்கி ஓராண்டு முழுக்க, தொழிற்சாலைகளில் வருகை பதியும் கடிகாரம் ஒன்றில் மணிக்கொருமுறை அட்டையைச் செருகிப் பதிந்தார். இரவும் பகலும், மொத்தம் 8,760 மணிகள். நிம்மதியாக இரண்டு மணி நேரம் தூங்க முடியாத, தொலைவாக எங்கும் போய்வர முடியாத ஓராண்டு. ஒவ்வொரு பதிவின்போதும் கேமராவில் ஒரே ஒரு பிரேம் எடுத்தார். அவற்றைச் சேர்த்து ஓட்டினால் சுமார் ஆறு நிமிடம் வரும். மழித்த தலையில் முடி வளர்ந்து நீளுவது தெரியும்.

அந்த ஆறு நிமிடத்தைப் பார்த்துவிட்டுப் படைப்பையே பார்த்துவிட்டதாகச் சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. அது சாட்சியம், அவ்வளவுதான். படைப்பு அந்த ஓராண்டு. அதை அவர் ஒருவர்தான் முழுதாகப் பெற்றார், முழுதாகக் கொடுத்தார். சுருக்க முடிகிற எதையும் என் இயக்கத்தில் சேர்க்க மாட்டேன்.

இன்னொன்று. 133 முறை அவர் தவறினார். தூக்கத்தில் 94, தாமதமாக வந்தது 29, முந்திக்கொண்டது 10. மறைக்காமல் காரணத்தோடு கணக்கு வைத்தார். என்னை உலுக்கியது அந்த 8,760 அல்ல, இந்த 133. மரத்தில் ரேகை ஓடுவதுபோலக் காலத்திலும் ஓடுகிறது. நாம் தவறவிடும் இடங்களில்தான் அது வெளியே தெரிகிறது.

நானும் ஒருமுறை முயன்றேன். ஜன்னல் கதவில் இருந்த சிறு துளை வழியாக மாலை நாலரை மணிக்கு எதிர்ச்சுவரில் ஒரு வெளிச்சப் பொட்டு விழும். ஓராண்டு, தினமும் அதே மணிக்கு, பொட்டு விழுந்த இடத்தைப் பென்சிலால் குறித்தேன். பூமியின் அச்சு சாய்ந்திருப்பதாலும் அதன் பாதை சரியான வட்டமாக இல்லாததாலும் அந்தப் புள்ளிகள் சேர்ந்து சாய்ந்து கிடக்கும் ஓர் எட்டாக வரும். அது முன்பே எனக்குத் தெரியும். கணினியிடம் கேட்டால் நொடியில் வரைந்து தந்துவிடும். ஆனால் என் எட்டில் இடைவெளிகள் இருந்தன. மேகம் மூடிய வாரங்கள், காய்ச்சலில் படுத்த நாட்கள், நெருங்கிய ஒருவரின் மரணத்துக்குப் போன பதினொரு நாட்கள். கணினியின் எட்டில் அந்தப் பதினொரு நாட்கள் ஒழுங்காகப் புள்ளியிடப்பட்டிருக்கும். என் சுவரில் அவை வெறுமையாக இருந்தன. அந்த வெறுமை என் துக்கத்தின் சரியான அளவு.

ஜெர்மனியின் ஹால்பர்ஸ்டாட் தேவாலயத்தில் அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜின் இசை ஒன்றை 639 ஆண்டுகளுக்கு நீட்டி ஆர்கனில் வாசிக்கிறார்கள். 2001இல் தொடங்கியது, 2640இல் முடியும். தொடக்கமே மௌனம், முதல் ஒலி 2003இல்தான் வந்தது. அழகான துணிச்சல். இருந்தாலும் அங்கே கட்டைகளை அழுத்திக்கொண்டிருப்பவை மணல்மூட்டைகள். பெரிய எண் மட்டுமே பொழுதுக்கலை ஆகிவிடாது. அந்த ஆர்கனைத் தலைமுறை தலைமுறையாகப் பழுதுபார்க்கப்போகும் மனிதர்கள் இருக்கிறார்களே, அவர்களிடம்தான் என் மனம் போகிறது.

ரோமன் ஓபால்கா என்ற ஓவியர் 1965இல் ‘1’ என்று எழுதத் தொடங்கினார். 2011இல் இறக்கும்வரை எண்களையே வரைந்தார். 1972 முதல் ஒவ்வொரு புதிய கித்தானின் பின்னணியிலும் ஒரு சதவீதம் வெள்ளையைக் கூட்டிக்கொண்டே போனார். வெள்ளை எண்கள் மெல்ல வெள்ளைக்குள் கரைந்தன. கடைசி எண் 5607249. அவர் முடிக்கவில்லை, நின்றார்.

‘நேரம் இருப்பவர்களுக்குத்தானே இதெல்லாம்’ என்று கேட்கலாம். மிக நியாயமான கேள்வி, என்னை அதிகம் உறுத்துவதும் இதுதான். இருபத்து நான்கு மணி நேரம் எல்லாருக்கும் விடிகிறது. ஆனால் தன் மணிகளைப் பிறருக்கு விற்றுத்தான் பலர் வாழ வேண்டியிருக்கிறது. ஷே மாட்டியது தொழிலாளியின் கடிகாரம் என்பதை மறக்க முடியவில்லை. அந்த ஆண்டில் அவரே குடியேற்ற ஆவணம் ஏதும் இல்லாமல் வாழ்ந்த மனிதர். ஆகவே ஓய்வு மிகுந்தவர்களின் பொழுதுபோக்காக இது ஆகிவிடக் கூடாது. நாளுக்கு ஒரு நிமிடம் போதும். ஆனால் அந்த நிமிடம் உண்மையிலேயே உங்களுடையதாக இருக்க வேண்டும். விற்கப்படாததாக, வேறெதையும் தள்ளிப்போடாமல் கொடுக்கப்பட்டதாக. பார்க்க வருபவரும் தன் நிமிடத்தைக் கொடுத்துத்தான் பார்க்க வேண்டும். முழுதும் பார்க்க அவருக்கு வாய்க்காது. அதைக் குறையாக நான் நினைக்கவில்லை. ஒருவரின் வாழ்வை இன்னொருவர் முழுதாகப் பார்த்தது எப்போது?

அந்த வீட்டைவிட்டு நான் வந்தபிறகு சுவருக்கு வெள்ளை அடித்துவிட்டார்கள். புகைப்படம் எடுத்து வைத்துக்கொள்ளவில்லை. இப்போது இருக்கும் அறையில் வெளிச்சம் காலையில் வருகிறது, ஏழு பத்துக்கு. நேற்று முதல் புள்ளியை வைத்தேன்.