அசிகிவே பிரதமரும் இல்லை, அந்தக் கட்டுரை அவருடையதும் இல்லை

“தான் எழுதிய கட்டுரைக்காக ஆறு மாதம் சிறையில் கிடந்த பத்திரிகையாளர், பிற்பாடு நைஜீரியாவின் முதல் பிரதமரானார்” என்று நம்டி அசிகிவே படத்தோடு ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. படம் சரி. வாசகம்தான் தப்பு.

வழக்கு நடந்தது உண்மை. 1936 மே மாதம், இன்று கானாவாக இருக்கும் கோல்டு கோஸ்ட்டின் அக்ரா நகரில் ‘ஆஃப்ரிக்கன் மார்னிங் போஸ்ட்’ ஒரு கட்டுரை வெளியிட்டது. வெள்ளையரின் கடவுளை ‘ஏமாற்று’ என்று வெளுத்து வாங்கிய எழுத்து. எழுதியவர் சியரா லியோன் தொழிற்சங்கவாதி வாலஸ்-ஜான்சன். அசிகிவே ஆசிரியர், அதனால் ராஜதுரோக வழக்கு அவர் மீதும் பாய்ந்தது. ஆறு மாதத் தண்டனை விதித்தார்கள், ஆனால் மேல்முறையீட்டில் 1937இல் அது ரத்தானது. அப்புறம் நைஜீரியாவின் லாகோஸ் நகருக்குத் திரும்பி, அதே ஆண்டு ‘வெஸ்ட் ஆஃப்ரிக்கன் பைலட்’ நாளிதழைத் தொடங்கினார். விலை ஒரு பென்னி.

பிரதமர் குழப்பம் எங்கிருந்து வந்தது? 1954 முதல் 1959 வரை அவர் கிழக்கு மாகாணத்தின் ‘பிரீமியர்’. நம் கணக்கில் முதலமைச்சர் மாதிரி. யாரோ அகராதியைப் புரட்டி ‘பிரதமர்’ ஆக்கிவிட்டார்கள் போல. நாட்டின் பிரதமராக இருந்தவர் அபுபக்கர் தஃபாவா பலேவா. 1966 ராணுவப் புரட்சியில் கொல்லப்பட்டவர். அசிகிவே 1960 நவம்பர் 16இல், தன் 56ஆவது பிறந்தநாளன்று, கவர்னர் ஜெனரலானார். 1963இல் முதல் குடியரசுத் தலைவர்.

அவரைப் பற்றிய வதந்தி புதிதல்ல. 1989இலேயே இறந்துவிட்டதாகச் செய்தி பரவியது. மனிதர் 1996 மே வரை உயிரோடு இருந்தார்.