வேவு பார்த்தவர்கள் எழுதிய வரலாறு

பொதுக் கழிப்பறைகளில் ஆண்கள் இரகசியமாகச் சந்தித்துக்கொண்டதைப் பற்றி இன்று நமக்குத் தெரிந்தவற்றில் பெரும்பகுதி, அங்கே சென்றவர்கள் சொன்னதன்று; அவர்களை வேவு பார்த்தவர்கள் எழுதிவைத்தது. அந்த ஆவணங்களை அப்படியே நம்பிவிடுவதில் எனக்கு உடன்பாடில்லை.

இங்கிலாந்தில் 1885ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தம், ஆண்களுக்கிடையிலான பாலுறவு சொந்த வீட்டுக்குள் நடந்தாலும் அதைத் தண்டிக்க வழிசெய்தது. விடுதியில் அறை எடுத்தால் பதிவேட்டில் பெயர் ஏறும். வீட்டுக்கு அழைத்தால் அக்கம்பக்கத்தார் பார்ப்பார்கள். கடிதம் எழுதினால் அது மிரட்டிப் பணம் பறிப்பவன் கையில் சிக்கும். ஏன் வந்தாய் என்று எவரும் கேட்காத இடமாகக் கழிப்பறைதான் எஞ்சியது. அங்கும் சீருடை அணியாத காவலர்கள் காத்திருந்தார்கள். சர் பட்டம் பெற்ற அதே 1953ஆம் ஆண்டில், நடிகர் ஜான் கீல்குட் லண்டனின் செல்சியில் அவ்வாறுதான் கைதானார். அபராதம் 10 பவுண்டு. செய்தித்தாள்கள் தந்த தண்டனையோ அதைவிடப் பெரிது.

அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்து மான்ஸ்பீல்டு நகரின் பொதுக் கழிப்பறை ஒன்றில், 1962இல், காவல்துறையினர் ஒருபுறம் மட்டும் தெரியும் கண்ணாடிக்குப் பின்னால் ஒளிந்திருந்து படமெடுத்தார்கள். அதுவே நீதிமன்றத்தில் சான்றாகிப் பலரைச் சிறைக்கு அனுப்பியது. அதே பத்தாண்டில் சமூகவியலாளர் லாட் ஹம்ஃப்ரீஸ், இத்தகைய இடங்களில் வெளியாள் வந்தால் எச்சரிக்கக் காவலுக்கு நிற்பவராக நடித்து, வந்தவர்களின் கார் எண்களைக் குறித்துக்கொண்டு, அவற்றைக் கொண்டு முகவரிகளைக் கண்டறிந்து, ஓராண்டு கழித்துத் தோற்றத்தை மாற்றிக்கொண்டு நலவாழ்வுக் கணக்கெடுப்பு என்ற பெயரில் அவர்கள் வீட்டுக்கே சென்றார். அவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் திருமணமானவர்கள் என்ற அவருடைய முடிவு முக்கியமானதே. ஆயினும், பொய் சொல்லி வீட்டுக்குள் நுழைந்து திரட்டிய தகவல் அது. அவர் எவர் பெயரையும் வெளியிடவில்லை என்பதால் மட்டும் அந்த வழிமுறை நேர்மையாகிவிடாது.

கழிப்பறைக்கு வந்த மற்றவர்களுக்குச் சங்கடமாக இருந்திருக்காதா என்று கேட்பது நியாயமே. ஆனால் வெளியாள் நுழைந்ததும் எல்லாம் நின்றுவிடும் என்பதை ஹம்ஃப்ரீஸே பதிவு செய்திருக்கிறார். எவர் கண்ணிலும் படும்படி நடந்திருந்தால், மான்ஸ்பீல்டில் கண்ணாடியே தேவைப்பட்டிருக்காது.

1967இல் இங்கிலாந்தும் வேல்சும் 21 வயது நிரம்பிய இரு ஆண்கள் தனிமையில் கொள்ளும் உறவைக் குற்றப்பட்டியலிலிருந்து நீக்கின. பொதுக் கழிப்பறை தனியிடமாகாது என்று சட்டத்திலேயே தனியாக எழுதியும் வைத்தன. சொந்த அறை உள்ளவருக்கு அது விடுதலை. பலரோடு ஓர் அறையைப் பகிர்ந்து வாழ்ந்தவருக்கும், வீட்டில் உண்மையைச் சொல்ல முடியாத கணவருக்கும் பெரிதாக எதுவும் மாறவில்லை; படைவீரர்களை அச்சட்டம் சேர்த்துக்கொள்ளவே இல்லை.