ஜானி வாங்காத பணம்

ஹாலிவுட் நகைச்சுவையான 'ஜானி பி குட்' நல்ல படம் இல்லை. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், யாராவது தேடிப்பிடித்துப் பார்த்துவிட்டு என்னைத் திட்ட வேண்டாம். 1988 மார்ச்சில் வெளிவந்தபோதே விமர்சகர்கள் இதைக் கிழித்துத் தொங்கவிட்டார்கள், அதில் அநியாயம் எதுவும் இல்லை. சிரிப்பு வர வேண்டிய இடங்களில் கூச்சல்தான் இருக்கிறது. பெண்களைக் காட்டும் விதம் இன்று பார்த்தால் முகம் சுளிக்க வைக்கிறது. 'பிரேக்ஃபாஸ்ட் கிளப்'பில் ஒல்லிக்குச்சியாக, படிப்பாளிப் பையனாக வந்த ஆன்டனி மைக்கேல் ஹால், மூன்றே ஆண்டுகளில் உடம்பை ஏற்றிக்கொண்டு நாடே துரத்தும் குவார்ட்டர்பேக்காக, அதாவது அமெரிக்கக் கால்பந்தில் அணியை வழிநடத்தும் ஆட்டக்காரராக, வந்து நிற்கிறார். நம்ப முடியவில்லை. அந்தப் படத்தில் அவரை விரட்டிய துணைத் தலைமையாசிரியர் பால் கிளீசன், இதில் அவருடைய பயிற்சியாளர். நண்பனாக வரும் ராபர்ட் டவுனி ஜூனியர் மட்டும் வேறு ஏதோ நல்ல படத்திலிருந்து வழிதவறி வந்தவர்போல் துள்ளுகிறார். காதலியாக யூமா தர்மன். அப்போது அவருக்குப் பதினேழு வயது.

இருந்தும் இந்தப் படத்தைப் பற்றி இவ்வளவு நீளமாக எழுதக் காரணம் இருக்கிறது. தன்னையறியாமல் இது ஒரு பெரிய பொய்யைப் பதிவு செய்திருக்கிறது.

கதை சிறியது. ஜானி வாக்கர் பள்ளி அணியின் நட்சத்திரம். ஆடுவது அமெரிக்கக் கால்பந்து, அதாவது முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடி, முட்டி மோதும் ஆட்டம். பள்ளி முடிக்கப்போகும் அவனைத் தங்கள் அணிக்குக் கொண்டுபோகக் கல்லூரிகள் வரிசைகட்டி நிற்கின்றன. பணம், கார், பெண்கள், டெக்சாஸ் பணக்காரரின் உபசரிப்பு என்று எல்லாம் அவன் முன்னால் நீட்டப்படுகின்றன. பயிற்சியாளரோ இவனைக் காட்டித் தனக்கொரு பதவி தேடிக்கொள்ளப் பார்க்கிறார். காதலி உள்ளூர் அரசுக் கல்லூரியில் சேர்ந்து படிக்கலாம் என்கிறாள். ஆட்டக்காரர்களுக்குப் பணம் கொடுக்கும் விதிமீறலைத் துப்பறிய, கல்லூரி விளையாட்டை ஆளும் என்சிஏஏ அமைப்பின் விசாரணை அதிகாரி ஒருவரும் வருகிறார். அந்த வேடத்தில் நடித்திருப்பவர் டவுனி ஜூனியரின் அப்பா. கடைசியில் ஜானி எல்லா ஆசைகளையும் உதறிவிட்டு உள்ளூர்க் கல்லூரியைத் தேர்ந்தெடுக்கிறான். சுபம்.

இந்த ஆள்பிடிப்பு கற்பனை அல்ல. கிட்டத்தட்ட நம் வீடுகளில் நடக்கும் மாப்பிள்ளை பார்க்கும் படலம்தான் அது. ஊரே கொண்டாடும் பயிற்சியாளர் பையனின் வீட்டுக்கே வந்து சோபாவில் உட்கார்ந்து, அம்மாவின் சமையலைப் புகழ்ந்து, 'உங்கள் பிள்ளையை என் பிள்ளைபோல் பார்த்துக்கொள்வேன்' என்ற தொனியில் பேசிவிட்டுப் போவார். கையெழுத்திடும் நாளில் பள்ளி அரங்கில் மேசை போட்டு, மேலே மூன்று நான்கு கல்லூரிகளின் தொப்பிகளை வரிசையாக வைப்பார்கள். பையன் ஒரு தொப்பியை எடுக்கக் கை நீட்டி, வேண்டுமென்றே தயங்கி, இன்னொன்றை எடுத்துத் தலையில் வைத்துக்கொள்வான். கூட்டம் ஆர்ப்பரிக்கும். தொலைக்காட்சியில் நேரலையாகவே இது ஓடும்.

படம் வருவதற்குச் சுமார் ஓராண்டு முன்பு நடந்ததைப் பாருங்கள். டாலஸ் நகரின் சதர்ன் மெத்தடிஸ்ட் பல்கலைக்கழகம் தன் ஆட்டக்காரர்களுக்கு ரகசிய நிதியிலிருந்து மாதாமாதம் பணம் கொடுத்துவந்தது. 1986 நவம்பரில் உள்ளூர்த் தொலைக்காட்சி அதை அம்பலப்படுத்தியது. அந்தப் பேட்டியின் பதிவு இன்றும் கிடைக்கிறது, பார்க்கலாம். பணம் அனுப்பப்பட்டதாகச் சொல்லப்பட்ட தபால் உறையைச் செய்தியாளர் டேல் ஹான்சன் எடுத்து நீட்டுகிறார். ஆள்பிடிப்புக்குப் பொறுப்பான அலுவலர் அதிலிருப்பது தன் எழுத்துதான் என்பதுபோல் தொடங்கி, சுதாரித்துக்கொண்டு, இல்லை என்று பின்வாங்குகிறார். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர்களின் முகங்களைப் பார்க்க வேண்டும். எந்த நகைச்சுவைப் படமும் அதற்கு ஈடாகாது.

1987 பிப்ரவரியில் என்சிஏஏ தீர்ப்பு வந்தது: அந்த ஆண்டு அணி ஆடவே கூடாது. 'மரண தண்டனை' என்றே அதற்குப் பெயர். விசாரணையில் கண்டறிந்த தொகை எவ்வளவு தெரியுமா? பதின்மூன்று ஆட்டக்காரர்களுக்குச் சேர்த்து சுமார் 61,000 டாலர். அடுத்த மாதமே இன்னொரு குட்டு உடைந்தது. பணம் தருவதாக ஏற்கெனவே வாக்குக் கொடுத்திருந்த ஆட்டக்காரர்களுக்கு அதைத் தொடர்ந்து கொடுப்பது என்ற முடிவில் தனக்கும் பங்குண்டு என்று ஒப்புக்கொண்டார் அப்பல்கலைக்கழக நிர்வாகக் குழுவின் முன்னாள் தலைவர் பில் கிளெமென்ட்ஸ். ஒப்புக்கொண்டபோது அவர் டெக்சாஸ் மாநில ஆளுநர்! இவ்வளவு கையில் இருந்தும் ஹாலிவுட்டுக்குக் கிடைத்தது ஒரு விருந்துக் கூத்து மட்டும்தான்.

படத்தின் மீது எனக்கிருக்கும் உண்மையான குறை இதுதான். கொடுக்க வருகிறவர்களைக் கேலி செய்கிறது, சரி. பையன் வாங்கினால் ஏன் தப்பு என்று ஓரிடத்தில்கூடக் கேட்கவில்லை. பயிற்சியாளருக்குச் சம்பளம், கல்லூரிக்கு டிக்கெட் வருமானம், தொலைக்காட்சிக்கு விளம்பரம். முட்டி உடைத்துக்கொள்கிறவனுக்கு மட்டும் கல்விக்கட்டணமும் சாப்பாடும். அதற்குமேல் ஒரு டாலர் தொட்டாலும் களங்கம். என்சிஏஏ வீடுவீடாகப் போய்ச் சொல்ல விரும்பிய பாடத்தைப் படம் இலவசமாகவே சொல்லிக்கொடுத்துவிட்டது.

அந்தக் 'களங்கம்' எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் எரிச்சல்தான் வரும். 1955இல் கொலராடோவில் ஆட்டத்தின்போது தலையில் அடிபட்டு ஒரு கல்லூரி ஆட்டக்காரர் இறந்துபோனார். அவர் மனைவி இழப்பீடு கேட்டு வழக்காடினார். கல்லூரி ஒன்றும் கால்பந்து வியாபாரம் செய்யவில்லை, ஆகவே அவர் அதன் ஊழியர் அல்ல என்று 1957இல் மாநில உச்ச நீதிமன்றம் கைவிரித்துவிட்டது. வியாபாரம் இல்லையாம்! 1984இல் அதே கல்லூரிகளில் இரண்டு, ஒக்லஹோமாவும் ஜார்ஜியாவும், தொலைக்காட்சி உரிமையை நாங்களே விற்றுக்கொள்கிறோம் என்று என்சிஏஏ மீது வழக்குப் போட்டு, அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் 7-2 என்று ஜெயித்தன. இது வெறும் வணிகம் அல்ல, கல்வி சார்ந்தது என்று மாறுபட்ட தீர்ப்பு எழுதிய நீதிபதி பைரன் ஒயிட், இளமையில் பெயர்பெற்ற கால்பந்து ஆட்டக்காரர். ஆக, கல்லூரிகள் விற்றால் வணிக உரிமை, மூன்று ஆண்டு கழித்து டாலஸில் பையன் உறையை வாங்கினால் ஊழல்.

மாற்றம் வர 2021 ஆனது. அந்த ஜூன் மாதம், கல்வி சார்ந்த சலுகைகளுக்கு என்சிஏஏ உச்சவரம்பு வைத்தது செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 9-0 எனத் தீர்ப்பளித்தது. ஜூலை முதல் தேதியிலிருந்து ஆட்டக்காரர்கள் தங்கள் பெயரையும் படத்தையும் வைத்து விளம்பரத்தில் சம்பாதிக்கலாம் என்றானது. 2025 ஜூனில் வந்த ஒப்பந்தத்தின்படி, ஒரு பல்கலைக்கழகம் முதல் ஆண்டில் சுமார் 2.05 கோடி டாலர் வரை நேரடியாகவே ஆட்டக்காரர்களுக்குப் பகிரலாம் என்றானது. ஜானியின் முன்னால் ரகசியமாக நீட்டப்பட்ட பணம் இன்று வரவு செலவுக் கணக்கில் ஒரு வரி.

பணம் வந்து ஆட்டம் கெட்டுவிட்டது, விசுவாசம் போய்விட்டது, ஆண்டுக்கு ஓர் அணி மாறுகிறார்கள் என்று புலம்புகிறவர்கள் இருக்கிறார்கள். குழப்பம் உண்மைதான். அதிக சம்பளத்துக்காகப் பயிற்சியாளர் பருவத்தின் நடுவிலேயே வேறு கல்லூரிக்குத் தாவியபோதெல்லாம் இந்த விசுவாசம் எங்கே போயிருந்தது என்பதற்கு மட்டும் அவர்களிடம் பதில் இல்லை. மரண தண்டனை பெற்ற அந்த டாலஸ் நகரப் பல்கலைக்கழகம், அதற்குப் பிறகு ஒரு பௌல் ஆட்டத்தில், அதாவது பருவ முடிவில் நல்ல அணிகளுக்குக் கிடைக்கும் சிறப்பு ஆட்டத்தில், ஆட 2009 வரை காத்திருந்தது. 2024இல் ஒரு பெரிய லீகில் இடம் பிடிக்க, ஒன்பது ஆண்டுத் தொலைக்காட்சிப் பங்கையே வேண்டாம் என்று எழுதிக்கொடுத்தது. அந்தப் பள்ளத்தை நிரப்புகிறவர்கள் அதே ஊர்ப் பணக்கார ரசிகர்கள்தான். அதே ஆண்டில் தேசிய பிளே-ஆஃப் சுற்றுக்கும் போய்விட்டது!

இந்தப் புதிய நிலைக்கு குவார்ட்டர்பேக் குவின் யூவர்ஸ் ஒருவரே போதும். டெக்சாஸில் பள்ளி மாணவர்கள் விளம்பரப் பணம் வாங்க 2021இல் தடை இருந்தது. ஆகவே அவர் பள்ளியின் கடைசி ஆண்டையே விட்டுவிட்டு ஒஹையோ ஸ்டேட்டில் போய்ச் சேர்ந்தார். பத்து லட்சம் டாலருக்கு மேல் ஒப்பந்தம் என்று பத்திரிகைகள் எழுதின. அந்தப் பருவம் முழுவதும் அவருக்குக் களத்தில் கிடைத்தது இரண்டே இரண்டு முறை பந்தை வாங்கிப் பக்கத்திலிருப்பவரிடம் கொடுக்கும் வேலை. டிசம்பரிலேயே மூட்டையைக் கட்டிக்கொண்டு டெக்சாஸ் பல்கலைக்கழகத்துக்குத் திரும்பிவிட்டார். எல்லாமே சட்டப்படி. இதை யாராவது நகைச்சுவைப் படமாக எடுங்கள், முதல் நாள் டிக்கெட் எனக்கு.