ரத்தத்தில் ஊறியதா?

பள்ளிக்கூடத்துப் பையன் ஒருவன் அரிவாளோடு பிடிபட்ட செய்தி வந்துவிட்டால், பாளையங்கோட்டைத் தேநீர்க் கடையில் யாராவது ஒருவர், "அது ரத்தத்துலயே ஊறுனதுல்லா, எங்க போவும்?" என்று தீர்ப்பே வாசித்துவிடுவார். படித்தவர்களும் அதற்குத் தலையாட்டுவதுதான் எனக்கு உறுத்தல்.

இந்தப் பேச்சு ஒரு காலத்தில் அறிவியலாகவே நடமாடியது. இத்தாலிய மருத்துவர் சேசரே லோம்ப்ரோசோ, வில்லெல்லா என்ற கைதியின் மண்டையோட்டில் பின்புறமிருந்த ஒரு குழியைக் கண்டு, குற்றவாளி ஆதி மனிதனின் கூறுகளோடு பிறப்பவன் என்று முடிவு கட்டி, 1876இல் நூலாகவும் வெளியிட்டார். இங்கிலாந்துச் சிறை மருத்துவர் சார்லஸ் கோரிங் சுமார் 3,000 கைதிகளை அளந்து பார்த்து, அப்படியொரு தனி உடலமைப்பே இல்லை என்று 1913இல் நிறுவினார். ஆனால் குற்றத்துக்குக் காரணமான அறிவுக் குறைவு பரம்பரையாக வருகிறது என்று சொல்லி அவரும் கொல்லை வாசல் வழியாகப் பிறப்புக்கே திரும்பினார் என்பது வேறு கதை.

நம் சீமையில் வெள்ளைக்காரனுக்கு மண்டையோடுகூடத் தேவைப்படவில்லை. 1799இல் கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட கையோடு, பாளையக்காரர்களிடமிருந்த காவல் உரிமையைக் கிழக்கிந்தியக் கும்பினி பறிக்கத் தொடங்கியது. ஊர்க்காவலுக்குக் கிடைத்த நெல்லும் பணமும் நின்று போன குடும்பங்கள் எதைக் கொண்டு பிழைக்கும் என்று எவரும் கேட்கவில்லை. சமூகங்களை ஒட்டுமொத்தமாகவே குற்றவாளிகள் என்று முத்திரை குத்திய குற்றப் பரம்பரைச் சட்டம் வட இந்தியாவில் 1871இல் பிறந்தது. அது 1911இல் சென்னை மாகாணத்துக்கும் வந்தபோது, காவலுக்குப் பேர்போன தென் மாவட்டச் சமூகங்களே அதில் மாட்டிக்கொண்டன. பதிவேட்டில் பெயர் ஏறியவன் ஒரு குற்றமும் செய்யாவிட்டாலும் கைரேகை வைக்க வேண்டும். சொன்ன நேரத்தில், இரவானாலும், காவல் நிலையத்தில் ஆஜராக வேண்டும். ஊரைவிட்டுப் போக அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். இரவில் தன் வீட்டுத் திண்ணையில் படுக்க முடியாதவனுக்கு எந்தப் பண்ணையார் வேலை கொடுப்பார்? சென்னை மாகாணத்தில் 1947இல் அந்தச் சட்டம் ஒழிந்தது. தேநீர்க் கடைத் தீர்ப்பு இன்னும் ஒழியவில்லை.

பிறவிக் கூறுகளுக்குப் பங்கே கிடையாது என்று நான் வாதாடவில்லை. முன்கோபம் சிலருக்குக் கூடவே பிறந்ததுதான். ஆனால் முன்கோபிக்கு யாரை வெட்ட வேண்டும் என்று பிறப்பு சொல்லிக் கொடுப்பதில்லை. 2023இல் நாங்குநேரியில் பட்டியலின மாணவனையும் அவன் தங்கையையும் வீடு புகுந்து வெட்டியவர்கள் சக மாணவர்கள். அதன் பின் அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு, சாதியைக் காட்டும் வண்ணக் கயிறுகளை மாணவர்கள் கட்டுவதற்குத் தடை வேண்டும் என்று 2024இல் பரிந்துரைத்தது. எந்தக் குழந்தையும் கயிற்றோடு பிறப்பதில்லை. எந்த நிறம் தன் நிறம் என்று யாரோ ஒரு அண்ணனோ மாமனோ சொல்லித்தான் அவன் கட்டுகிறான்.

பிடிபட்ட சிறுவனின் குடும்பம், படிப்பு, கூட்டாளிகள் எல்லாவற்றையும் விசாரித்து அறிக்கை தர வேண்டும் என்று சிறார் நீதிச் சட்டமே சொல்கிறது. கயிற்றைக் கட்டிவிட்ட அந்த மாமனின் பெயரும் அந்த அறிக்கையில் வர வேண்டும் என்பதுதான் என் கட்சி.